நேரம் திருத்தும் நிறுவகமும் பிரட்டுக்களமும்

ஒர்ஹான் பாமுக்கை நம்மவர்கள் ஓரளவு அறிவர். 2006இல் அவருக்கு நொபெல் பரிசு கிடைத்த பிறகு அவருடைய நாவல்கள் தமிழுக்கும் வந்தன. நமது வாசிப்பு வட்டங்களிலும் கைமாறின. ஆனால் பாமுக் தமது முன்னோடியாக மதிக்கும் அஹ்மத் ஹம்தி தன்பினாரைப் (1901–1962) பற்றி நமது சஞ்சிகைகளில் பேச்சு எழுந்ததாக எனக்கு நினைவில்லை. அவருடைய 'நேரம் திருத்தும் நிறுவகம்' 1954இல் தொடர்கதையாகவும் 1961இல் நூலாகவும் வெளிவந்தது. மொரீன் ஃப்ரீலி, அலெக்ஸாண்டர் டோ ஆகியோரின் ஆங்கில மொழிபெயர்ப்பில் அதை இரண்டு முறை படித்தேன். இரண்டு முறையும் பதுளையில் வைத்தே படித்தேன். இந்தக் கட்டுரை எழுத நேர்ந்ததற்கு அந்த இடமும் ஒரு காரணம்.

காலத்தை ஆராய்வதற்கும் திருத்துவதற்கும் என்றே ஒரு நிறுவனம் எழுப்பப்படுவதுதான் கதை. ஹைரி இர்தால் என்பவன் வேலையற்றவன், கடன்பட்டவன், மணிக்கூடுகளைப் பற்றி மட்டும் கொஞ்சம் அறிந்தவன். அவனை ஹாலித் அயார்ஜி என்ற செல்வாக்குள்ள மனிதர் ஒருவர் சந்திக்கிறார். நகரத்து மணிக்கூடுகள் ஒன்றுக்கொன்று ஒவ்வாமல் ஓடுவதால் தேசத்தின் எத்தனை மணித்தியாலங்கள் வீணாகின்றன என்று கணக்குப் போடுகிறார். அவ்வளவுதான், நிறுவகம் முளைத்துவிடுகிறது. அதற்குக் கட்டடம், பிரிவுகள், பதவிகள், உறவினர்களுக்கு உத்தியோகம். பிழையாக ஓடும் மணிக்கூட்டுக்கு அபராதம் உண்டு. அடிக்கடி அபராதம் கட்டுவோருக்கு அதில் கழிவும் உண்டு! ஆராய்ச்சிப் பிரிவுக்கு ஒரு முன்னோர் தேவைப்படுகிறார். பதினேழாம் நூற்றாண்டில் வாழ்ந்த அஹ்மத் ஸமானி என்ற மகான் ஒருவரைக் கற்பனையில் உண்டாக்கி, ஹைரி அவருடைய வாழ்க்கை வரலாற்றையே எழுதிவிடுகிறான். ஒல்லாந்தக் கீழைத்தேயவியலாளர் ஒருவர் அந்த மகானின் அடக்கத்தலத்தைத் தேடி வந்தபோது, யாருடையதோ ஒரு கபுறு அவருக்கென்று ஒதுக்கப்படுகிறது. இந்த அத்தியாயத்தைப் படித்துச் சிரித்துவிட்டு, நம் ஊர்களின் சில ஸியாரங்களை நினைத்துச் சற்று மௌனமானேன். அது வேறு கட்டுரைக்குரியது.

நூலின் பின்னால் நிற்கும் வரலாற்றைச் சொல்லாமல் அப்பால் போக முடியாது. உதுமானியர் காலத்து நேரக்கணக்கில் சூரியன் மறையும் கணம் பன்னிரண்டு மணி. அங்கிருந்துதான் இரவின் முதல் மணி, இரண்டாம் மணி என்று எண்ணுவர். சூரியன் மறையும் பொழுது நாளுக்கு நாள் மாறுவதால் மணிக்கூட்டையும் நாள்தோறும் திருத்த வேண்டும். 1925 டிசம்பரில் நிறைவேறிய சட்டங்கள் 1926 ஜனவரி 1 முதல் ஐரோப்பிய நேரக்கணக்கையும் கலண்டரையும் நடைமுறைக்குக் கொண்டுவந்தன. அதற்கு ஒரு மாதம் முன்னர்தான் துருக்கித் தொப்பி தடைசெய்யப்பட்டிருந்தது. இந்த இடத்தில் இலங்கை முஸ்லிம் வாசகர் புன்முறுவல் பூப்பார். எம்.சி. அப்துல் காதர் நீதிமன்றத்தில் தொப்பி அணிந்து வழக்காட முடியாது என்று தடுக்கப்பட்ட 1905ஆம் ஆண்டில், அதே தொப்பிக்காக இங்கே ஒரு சமூகமே கிளர்ந்தெழுந்தது. இருபது ஆண்டுகள் கழித்து அதைத் துருக்கியே கழற்றிப் போட்டது.

தொப்பி போனது கண்ணுக்குத் தெரிந்தது. நேரம் போனது அவ்வளவு தெரியவில்லை. அதைக் கண்ணுக்குத் தெரிய வைத்ததே தன்பினாரின் சாதனை என்பேன். நமக்கு இது அந்நியமான சங்கதியும் இல்லை. வியாழன் மாலை மஃரிபுக்குப் பிறகு நம் வீடுகளில் 'வெள்ளி ராவு' என்றுதான் சொன்னார்கள். இன்றும் முதியவர்கள் அப்படித்தான் சொல்கிறார்கள். நாள் இரவிலிருந்து தொடங்குகிறது. சுவரில் தொங்கும் மணிக்கூடு நள்ளிரவில் நாளை மாற்ற, வீட்டில் உம்மாவின் நாவு மஃரிபிலேயே மாற்றிவிடும். இரண்டு நாட்காட்டிகளோடு வாழ்ந்தும் அதில் நமக்கு முரண்பாடு தோன்றியதில்லை. அந்த முரண்பாடின்மைதான் இஸ்தான்புலில் சட்டம் போட்டு நீக்கப்பட்டது.

நாவலின் உயிரான பகுதி நிறுவகத்தைப் பற்றியது அல்ல என்பது என் அபிப்பிராயம். முதற்பாகத்தில் வரும் நூரி எஃபெந்திதான் அதன் உயிர். பள்ளிவாசலோடு ஒட்டிய சிறு கூடத்தில் இருந்து தொழுகை நேரங்களைக் கணிப்பவர், மணிக்கூடு பழுதுபார்ப்பவர். பழுதான மணிக்கூட்டை நோயாளியைப் பார்ப்பது போலப் பார்ப்பவர். இத்தகையவர்களை 'முவக்கித்' என்பர். இது அற்பமான உத்தியோகமாக இருந்ததில்லை. டமஸ்கஸ் உமையா பள்ளிவாசலின் முவக்கித்தாக இருந்த இப்னு ஷாத்திர் (மறைவு 1375) தம் காலத்தின் மிகப் பெரிய வானியலாளர்களுள் ஒருவர். அந்தப் பள்ளிவாசலுக்கு அவர் செய்த நிழற்கடிகாரம் புகழ்பெற்றது. காலத்தைப் படிப்பதற்கு ஒரு கலாசாலை எங்கேனும் இருந்தது என்றால் அது இந்தக் கூடங்களில்தான் இருந்தது. கட்டடமோ பட்டமோ பெரிதாக இல்லாமல், ஒரு குரு, ஒரு சீடன், ஒரு சுவர் நிழல் என்று அது நடந்தது. நூரி எஃபெந்தியின் கூடத்திலிருந்து ஹாலித் அயார்ஜியின் நிறுவகத்துக்கு ஹைரி நடந்து போவதுதான் நாவலின் முழுப் பயணம். அறிவு இருந்த இடத்தில் அலுவலகம் வந்து உட்காருகிறது.

இவ்வளவும் நூலின் பெருமை. குறை எங்கே?

தன்பினாரின் மாந்தர்கள் பிந்தி வரலாம். கோப்பிக்கடையில் மணிக்கணக்காக உட்கார்ந்திருக்கலாம். அவர்களுக்கு விதிக்கப்படும் அபராதம் நகைச்சுவையாக முடிகிறது. ஏனெனில், அந்த நிறுவகத்துக்கு அவர்களுடைய வயிற்றின் மீது அதிகாரமில்லை. ஊவாத் தோட்டங்களை அறிந்த ஒருவன் இதைப் படிக்கும்போது, இந்த நிறுவகம் எங்களிடம் உண்மையாகவே இருந்ததே, அதைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லையே என்று எண்ணாமல் இருக்க முடியாது. பெயர்ப்பலகை மாட்டாத நிறுவகம் அது. அதன் அலுவலகம் பிரட்டுக்களம், அதன் மணி தப்பு.

விடிவதற்கு முன் தப்புச் சத்தம் லயத்தை எழுப்பும். பனியில் நனைந்து பிரட்டுக்களத்தில் போய் நிற்க வேண்டும். கணக்கப்பிள்ளை பெயர் எழுதுவார். எந்த மலை என்று கங்காணி சொல்வார். பிறகு நாள் முழுவதும் நிறுவையால் பிரிக்கப்படும்: காலைக் கொழுந்து, பகல் கொழுந்து, அந்திக் கொழுந்து. நகரத்தில் இருக்கும் நாம் ளுஹர், அஸர், மஃரிப் என்று பகலைப் பிரித்து அறிந்தது போல, அங்கே ஒரு பெண் தராசுக்குப் போகும் நடையால் பகலைப் பிரித்து அறிந்தாள். அவளிடம் மணிக்கூடு இருந்ததா என்ற கேள்வியே தேவையில்லை. துரையிடம் இருந்தது.

இதைவிட முக்கியமான ஒன்று மொழியில் இருக்கிறது. தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்கு 'பேர்' என்று பெயர். "இந்த மாசம் எத்தனை பேரு?" என்றால் எத்தனை நாள் வேலை பதியப்பட்டது என்று பொருள். நிர்ணயித்த கிலோ பறிக்காவிட்டால், அந்த நிர்ணயம் தோட்டத்துக்குத் தோட்டம் 16, 18, 20 என்று மாறும், 'அரைப்பேர்' விழும். காலத்தின் அலகாக ஒரு மனிதரின் பெயரையே வைத்து, அந்தப் பெயரைப் பாதியாக வெட்டவும் செய்த வேறொரு வழக்கை நான் கேள்விப்பட்டதில்லை. தன்பினார் இதைக் கேட்டிருந்தால் தம் நிறுவகத்தில் இதற்கு ஒரு பிரிவு ஒதுக்கியிருப்பார். அசாமிலும் தேயிலைத் தோட்டங்களில் இந்திய நேரத்துக்கு ஒரு மணித்தியாலம் முந்திய 'பாகான் நேரம்' வைத்துக்கொண்டார்கள். சூரியனை முழுமையாகப் பிழிந்தெடுக்க அது வசதி. தேயிலை எங்கே போனாலும் தனக்கென்று ஒரு மணிக்கூட்டைக் கூடவே கொண்டு போகும் போலிருக்கிறது.

மலையக இலக்கியம் இதை எப்படி எதிர்கொண்டது? எத்தனையோ சிறுகதைகள் தப்புச் சத்தத்தோடு தொடங்குகின்றன. பனி, குளிர், தப்பு, சாயத்தண்ணீர், கூடை. வாசகருக்கு மனப்பாடமாகிவிட்ட வரிசை. அந்தத் தப்பு பெரும்பாலும் காட்சிக்குரிய ஓசையாகவே நின்றுவிடுகிறது. அதை அடிப்பவன் எத்தனை மணிக்கு எழுந்தான், அவனை எழுப்பியது எது, அவன் கண்ணயர்ந்த ஒரு நாள் தோட்டத்தில் என்ன நடந்தது என்று கேட்ட கதைகள் அரிது. கூலியைப் பற்றி எழுதிய அளவுக்கு நேரத்தைப் பற்றி நாம் எழுதவில்லை. இரண்டும் ஒன்றே என்று எண்ணிவிட்டோம்.

விதிவிலக்காக முதலில் நினைவுக்கு வருபவர் தெளிவத்தை ஜோசப் (1934–2022). ஹாலி-எலப் பக்கம் ஊவாக்கட்டவளைத் தோட்டத்தில் பிறந்து, பதுளைக்கு அருகில் தெளிவத்தைத் தோட்டத்தில் ஆசிரியராக இருந்து, அந்தத் தோட்டத்தின் பெயரையே தம் பெயராக்கிக் கொண்டவர். 1974இல் வீரகேசரிப் பிரசுரமாக வந்த அவருடைய நாவலுக்கு 'காலங்கள் சாவதில்லை' என்று பெயர். காலம் மாறும், காலம் பதில் சொல்லும் என்று எழுத்தாளர்கள் நம்பிக்கையோடு தலைப்பிட்ட அந்தப் பத்தாண்டில், காலம் சாவதில்லை என்று ஒருவர் சொன்னது என்னை இன்றும் நிறுத்தி யோசிக்க வைக்கிறது. போனது போகவில்லை, இறந்தகாலம் லயத்தில் அடுத்த காம்பராவில் உயிரோடிருக்கிறது என்ற பொருளில்தான் நான் அதைப் படிக்கிறேன். அவருடைய 'மீன்கள்' சிறுகதையையும் நேரத்தைப் பற்றிய கதையாகப் பார்க்க வேண்டும். வளர்ந்த பிள்ளைகளும் பெற்றோரும் ஒரே காம்பராவில் படுக்கும் இரவு அது. வழக்கமாக அதை இடநெருக்கடியின் கதை என்பார்கள். சரிதான். ஆனால் பகல் முழுவதும் தோட்டத்துக்குப் போன மனிதருக்கு மிஞ்சுவது இரவு மட்டும். அந்த இரவும் அவருடையதாக இல்லை என்பதுதான் கதை தரும் வலி. தன்பினாரின் நாவல் முழுவதும் ஓடும் சிரிப்பை விட இந்தச் சில பக்கங்கள் என்னைக் கூடுதலாகத் தொந்தரவு செய்கின்றன. இதை ஊர்ப்பற்றால் சொல்லவில்லை.

நேரத்தை அரசு கையிலெடுத்த காட்சியை இலங்கையர் அனைவருமே ஒரு முறை பார்த்தோம். மின்சாரத் தட்டுப்பாட்டைக் காட்டி 1996 மே மாதம் மணிக்கூடுகள் ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளப்பட்டன. ஒக்டோபரில் அரை மணித்தியாலம் பின்னே இழுக்கப்பட்டன. 2006 ஏப்ரலில் பழைய இடத்துக்கே வந்து சேர்ந்தன. வன்னியில் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் பழைய நேரமே தொடர்ந்தது. ஆக, ஒரே தீவில் ஒரு சோதனைச்சாவடியைக் கடந்தால் நேரமும் மாறியது. 'பழைய நேரமா, புது நேரமா' என்று கேட்காமல் யாரும் எதையும் ஒப்புக்கொள்ளாத நாட்கள் அவை. பள்ளிவாசல் நேர அட்டவணையில் ஒவ்வொரு வக்துக்கும் மனதுக்குள் ஒரு கூட்டல் போட வேண்டியிருந்தது. அப்போது நான் படிப்பித்த தோட்டப் பாடசாலைக்குப் பிள்ளைகள் இருட்டிலேயே இறங்கி வந்தார்கள். முதல் பாடத்துக்குக் கரும்பலகை தெரியாது. தன்பினார் கற்பனையில் செய்ததை அரசாங்கம் வர்த்தமானியில் செய்தது. நம் தமிழ்க் கதைகளில் இந்தப் பத்தாண்டுக் குளறுபடி ஏன் இவ்வளவு அருந்தலாக வருகிறது என்பது எனக்கு விளங்கவில்லை.

காலத்தை வைத்து நடந்த பெரிய பரீட்சை இன்னொன்று. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் தந்தை பிறந்த இடத்தைக் கேட்டது. இல்லையேல் பாட்டனும் பூட்டனும் பிறந்த இடத்தைக் கேட்டது. 1949ஆம் ஆண்டின் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் சட்டம் 1946 ஜனவரி 1க்கு முந்திய இடையறாத வசிப்பைக் கேட்டது: மணமானவருக்கு ஏழு ஆண்டுகள், மணமாகாதவருக்குப் பத்து ஆண்டுகள். சட்டத்தின் பெயரில் 'பாகிஸ்தானிய' என்ற சொல் இருப்பதை நம்மவர்கள் மறந்துவிடுகிறோம். கீழக்கரையிலிருந்தும் காயல்பட்டினத்திலிருந்தும் இன்னும் பல கரையூர்களிலிருந்தும் வந்து மலைநாட்டுப் பட்டினங்களில் கடை வைத்த முஸ்லிம்களும் இதே வரிசையில்தான் நின்றார்கள். 'இடையறாத' என்ற சொல்லை யோசியுங்கள். தாயின் மையித்தைப் பார்க்க ஊருக்குப் போனவர் காலத்தில் ஓட்டை விட்டவர். தோட்டத்தில் மூன்று தலைமுறை பேர் போட்டவர்கள், தாம் இங்கே நேரத்தைக் கழித்தோம் என்பதற்குக் கடதாசி காட்ட வேண்டியிருந்தது. 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்து, எஞ்சிய 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று விட்டது. இந்த நாட்டில் ஒன்றரை இலட்சம் மனிதர்கள் 'பிறகு' என்ற ஒரு சொல்லுக்குள் பத்தாண்டுகள் வாழ்ந்தார்கள். 1974இல் அவர்களையும் பாதி பாதியாகப் பங்கிட்டார்கள். அரைப்பேரின் கணக்கு கொழும்பிலும் டெல்லியிலும் அறியப்பட்டிருந்தது என்று தெரிகிறது.

பதுளையில் 2005 முதல் ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகம் இயங்குகிறது. அங்கே தேயிலைத் தொழில்நுட்பத்துக்குப் பட்டம் உண்டு. நல்ல விஷயம். தன்பினாரைப் படித்த மயக்கத்தில் நானும் ஒரு கற்பனை செய்தேன். அதே மலைச் சரிவில் காலத்துக்கென்று ஒரு பல்கலைக்கழகம் இருந்தால் யார் விரிவுரையாளர்? தப்படித்த முதியவர் ஒருவர் கட்டாயம் வேண்டும். அவருக்கு அடுத்த ஆசனத்தில், நோன்பு காலத்தில் றபான் தட்டி ஸஹருக்கு எழுப்பிய பக்கீர் பாவா ஒருவரை உட்கார வைப்பேன். இருவரும் இருட்டில் எழுந்து மற்றவர்களை எழுப்பியவர்கள். ஒருவரின் ஓசையில் பிள்ளைகள் சோற்றுக்கு எழுந்தார்கள். மற்றவரின் ஓசையில் தாய்மார் பிள்ளையைக் காம்பராவில் விட்டுவிட்டு மலைக்குப் போனார்கள். இருவரும் பேசிக்கொள்வதை யாராவது பதிவு செய்தால் அது ஓர் ஆய்வேட்டுக்குக் குறையாது. பிரதேசத்தின் வரலாற்றுப் பாடத்தில் 1924ஐயும் சேர்க்க வேண்டும். அந்த ஆண்டுதான் புகையிரதம் பதுளையை எட்டியது. அதற்கு முன் பதுளைப் பக்கத்துத் தேயிலைப் பெட்டிகளுக்கு மாட்டுவண்டியின் நேரமே நேரம்.

நம் எழுத்தாளர்களிடம் நான் கேட்க நினைப்பதும் இந்த இடத்தில்தான் வருகிறது. சித்திலெவ்வை கண்டியில் இருந்துகொண்டு 1885இல் அஸன்பேயை எழுதினார். கதை கெய்ரோவுக்குப் போயிற்று. முதல் அடி அது, குறை சொல்ல மாட்டேன். ஆனால் அதன் பிறகும் மலைநாட்டு முஸ்லிம் எழுத்தாளர்களில் பலர் மக்கா, பக்தாத், பலஸ்தீனம் என்று தூரத்தைப் பார்த்த கண்ணை எதிரே இருந்த லயத்தின் மீது திருப்பத் தயங்கினோம். காரணம் எனக்குத் தெரிந்தவரை இதுதான்: எதிரே இருந்த லயத்துக்கும் நமக்கும் நடுவில் ஒரு கடை இருந்தது. பசறை, லுணுகலை, ஹாலி-எல, வெலிமடை எங்கும் அந்தக் கடை இருந்தது. எங்கள் வாப்பாவின் கடையும் அப்படியானதே. அரிசியும் கருவாடும் சம்பளம் வரைக்கும் கடனுக்குப் போகும். தப்பு நாளைப் பிடித்துக்கொண்டது என்றால், கடன்கொப்பி மாதத்தைப் பிடித்துக்கொண்டது. கடன் கொடுத்திராவிட்டால் அடுப்பு எரிந்திராது என்பதும் உண்மை. கொடுத்ததால் அந்தக் குடும்பத்தின் அடுத்த மாதம் முன்கூட்டியே நம் கையில் இருந்தது என்பதும் உண்மை. இந்த இரண்டு உண்மைகளையும் ஒரே கதையில் வைக்கக்கூடியவர் கடைக்குள் வளர்ந்த ஒருவராகத்தான் இருக்க முடியும். தெளிவத்தை ஜோசப்பினால் அதை லயத்தின் பக்கத்திலிருந்து பார்க்க முடிந்தது. மேசைக்குப் பின்னால் நின்று பார்த்து எழுத வேண்டியது நாம்.

நாவலின் முடிவில் அமெரிக்காவிலிருந்து ஒரு தூதுக்குழு வந்து நிறுவகத்தைப் பார்க்கிறது, பயனற்றது என்று அது மூடப்படுகிறது. உடனே ஊழியர்கள் அனைவரும் மூடுவதற்கான நிரந்தரக் குழுவில் நியமனம் பெறுகிறார்கள். தன்பினாரின் மிகச் சிறந்த பகிடி இது. நம்முடைய நிறுவகம் அப்படிச் சொல்லிக்கொண்டு மூடவில்லை. கடைகள் ஒவ்வொன்றாகக் கைமாறின, கொப்பிகள் பழைய கடதாசிக்குப் போயின.

பசறை வீதியில் கடையை மூடிவிட்ட முதியவர் ஒருவரிடம் 1970களின் கடன்கொப்பிகள் இரண்டு மிஞ்சியிருக்கின்றன. சென்ற வருடம் காட்டினார். தோட்டத்தாரின் வரவுகளில் திகதியே இல்லை. 'சம்பளம்', 'அட்வான்ஸ்', 'தீபாவளி முன்பணம்' என்று மட்டும் இருக்கிறது. பக்கத்தின் ஓரத்தில், தம் சொந்த ஞாபகத்துக்காக, சிறிய எழுத்தில் அவர் குறித்திருப்பவை 'நோன்புப் பிறை 12', 'ஹஜ்ஜுப் பிறை 3'. ஒரே தாளில் இரண்டு மணிக்கூடுகள். பிரதி எடுத்துக்கொள்ளத் தருவீர்களா என்று கேட்டேன். "பேரெல்லாம் இருக்கே மகன், அவங்கட புள்ளையள்ட்ட கேட்டுட்டுத் தாறன்" என்றார்.